மணி ஐயரும் மேல்முறையீட்டின் எல்லையும்

வழக்கில் வென்றவன் தோற்றான், தோற்றவன் செத்தான் என்று நம் ஜனங்கள் நெடுங்காலமாகச் சொல்லிவருவது வெறும் வேடிக்கைப் பேச்சன்று. ஜில்லா முனிசீப் கோர்ட்டில் டிக்ரி பெற்றவனுடைய தொல்லை, அந்த டிக்ரியின் நகலை மடியில் முடிந்துகொண்டு அவன் வீடு திரும்பிய மறுநாள்தான் ஆரம்பமாகிறது. கடன்பட்டவனுடைய நிலத்தை ஜப்தி செய்ய அமீனா போனால், அந்த நிலம் தன்னுடையது என்று மைத்துனன் வந்து நிற்கிறான். மைத்துனனை விலக்கினால், ஏல விளம்பரத்தில் பிசகு என்று ஒரு மனு வருகிறது. ஏலம் முடிந்தால், அதனை ரத்து செய்யவேண்டும் என்று மற்றொரு மனு வருகிறது. ஒவ்வொரு மனுவின்மேலும் ஓர் உத்தரவு. ஒவ்வோர் உத்தரவின்மேலும் அப்பீலோ, ரிவிஷனோ. இந்தியாவில் வியாஜ்யக்காரனுடைய கஷ்டங்கள் டிக்ரி கிடைத்த பிறகே தொடங்குகின்றன என்பதை லண்டனிலிருந்த பிரிவிக் கவுன்ஸிலே 1872-ம் வருஷத்தில் ஒரு தீர்ப்பில் ஒப்புக்கொண்டது. நூற்றைம்பது வருஷங்கள் சென்றும் அந்நிலைமை மாறவில்லை. நிறைவேற்று மனுக்களை ஆறு மாதத்திற்குள் முடித்துத் தீரவேண்டும் என்று 2021-ம் வருஷத்தில் சுப்ரீம் கோர்ட் கீழ்க்கோர்ட்டுகளுக்குக் கட்டளையிட நேர்ந்ததே இதற்குச் சாட்சி.

இந்தப் படிக்கட்டுக்கு எங்கேனும் ஒரு முடிவு வேண்டும் என்பதை மறுப்பவர் இல்லை. எந்தப் படியில் நிறுத்துவது என்பதே விவாதம். முக்கியமாக, ஹைகோர்ட்டானது தனக்குக் கீழ்ப்பட்ட கோர்ட்டுகளை மேற்பார்வை செய்யும் அதிகாரத்தைக் கொண்டு ஒற்றை நீதிபதியின் வாயிலாக ஓர் உத்தரவு பிறப்பித்தால், அந்த உத்தரவின்மேல் அப்பீல் உண்டா, இல்லையா என்பது சிக்கலான கேள்வி. மேற்பார்வை செய்பவனை மேற்பார்வை செய்வது யார் என்று இதனைச் சுருக்கிக் கூறலாம். 1898-ம் வருஷத்தில் சென்னை ஹைகோர்ட்டின் முன் இக்கேள்வி வந்தபோது அதற்கு விடையளித்தவர் ஸ்ரீ எஸ். சுப்பிரமணிய ஐயர். மதுரையிலும் சென்னையிலும் அவரை மணி ஐயர் என்று அழைத்தால்தான் அன்று ஜனங்களுக்குத் தெரியும். நம் வாசகர்களில் தேசத்தொண்டர்களாக இருப்பவர்கள் அவரை ஹோம் ரூல் கிளர்ச்சிக்காகவும், பட்டத்தைத் துறந்ததற்காகவும் நினைக்கிறார்கள். வக்கீல்களாக இருப்பவர்கள் அவருடைய தீர்ப்புக்களுக்காக நினைக்கிறார்கள். நீதிபதி வேறு, தேசபக்தர் வேறு என்று அவரை இரண்டாக வெட்டிப் பார்ப்பது தவறு என்பது நம் அபிப்பிராயம்.

சுதேசமித்திரனைத் தொடங்கிய ஜி. சுப்பிரமணிய ஐயர் வேறு, இவர் வேறு. இருவரும் 1885-ம் வருஷத்தில் பம்பாயில் கூடிய முதல் காங்கிரஸுக்குச் சென்றவர்கள் என்பதால் இளைஞர் பலர் இருவரையும் ஒருவராகவே எண்ணிவிடுகிறார்கள். அக்காங்கிரஸில் முதல் தீர்மானத்தைக் கொண்டுவந்தவர் பத்திரிகாசிரியராகிய ஜி. சுப்பிரமணிய ஐயர். நாம் இங்கே கூறவந்தது மதுரை வக்கீலின் வரலாறு.

மணி ஐயர் 1842-ம் வருஷம் அக்டோபர் மாதம் 1-ந் தேதி மதுரையில் பிறந்தார். தகப்பனார் ராமநாதபுரம் ஜமீனுக்குக் காரியஸ்தராக இருந்தவர். பிள்ளை குழந்தையாக இருக்கும்பொழுதே காலஞ்சென்றுவிட்டார். குடும்பப் பொறுப்பைத் தமையனார் ஏற்றுக்கொண்டார். மதுரையில் மிஷன் பள்ளிக்கூடத்திலும், பிறகு ஜில்லா ஸ்கூலிலும் படித்தபின், காலேஜுக்குச் சென்று படிக்க வசதியில்லாமையால் அவர் குமாஸ்தா உத்தியோகத்தில் அமர்ந்தார். பகலில் கச்சேரி வேலையும் இரவில் படிப்புமாகக் காலங் கழித்து, தனிப்பட்ட முறையிலேயே சர்வகலாசாலைப் பரீக்ஷைகளை ஒவ்வொன்றாகக் கொடுத்து, 1868-ம் வருஷத்தில் பி. எல். பட்டம் பெற்றார். மறு வருஷம் மதுரையில் வக்கீலாக அமர்ந்தார். சுமார் பதினைந்து வருஷம் அங்கேயே தொழில் நடத்தினார். நகரசபை அங்கத்தினராக இருந்து ஊர்க் காரியங்களில் உழைத்தார்.

வியாஜ்யத்தின் நீளத்தை அறிய மதுரையைக் காட்டிலும் சிறந்த பள்ளிக்கூடம் அக்காலத்தில் இல்லை. சிவகங்கை ஜமீன்தார் 1829-ம் வருஷத்தில் இறந்தபின் ஏற்பட்ட வாரிசு வழக்கு, கோர்ட்டு கோர்ட்டாக ஏறி இறங்கி, 1863-ம் வருஷத்தில்தான் பிரிவிக் கவுன்ஸிலில் ஒரு முடிவுக்கு வந்தது. முப்பத்துநாலு வருஷம்! வழக்கைத் தொடுத்த தலைமுறை வேறு, முடிவைக் கேட்ட தலைமுறை வேறு. அந்த ஜில்லாவிலே ஜமீன்தார்களும் லேவாதேவிக்காரர்களும் கோயில் தர்மகர்த்தாக்களும் குடியானவர்களும் ஒருவர்மேல் ஒருவர் போட்ட வழக்குகளின் மத்தியில் வளர்ந்த வக்கீலுக்கு, மேல்முறையீடு என்பது நியாயத்தைத் தேடும் வழி என்பதும் தெரிந்திருக்கும். நியாயத்தை ஒத்திப்போடும் வழி என்பதும் தெரிந்திருக்கும்.

அவர் மனைவியை இழந்தபின், 1885-ம் வருஷத்தில் மதுரையை விட்டுச் சென்னைக்கு வந்தார். அதன்பின் அவருடைய ஏற்றம் துரிதமாயிற்று. சட்டசபையில் அங்கத்தினர், 1888-ம் வருஷத்தில் சர்க்கார் வக்கீல். அந்தப் பதவியில் அதுவரை இந்தியர் ஒருவரும் அமர்ந்ததில்லை. சென்னை ஹைகோர்ட்டின் முதல் இந்திய நீதிபதியாகிய திருவாரூர் முத்துஸ்வாமி ஐயர் 1895-ம் வருஷம் ஜனவரியில் காலமானபோது, அந்த ஸ்தானம் மணி ஐயருக்குக் கிடைத்தது. 1900-ம் வருஷத்தில் ஸர் பட்டம் அளிக்கப்பட்டது. 1899, 1903, 1906 ஆகிய மூன்று வருஷங்களில் மூன்று முறை தற்காலிகப் பிரதம நீதிபதியாக இருந்தார். இந்தியர் ஒருவர் அந்த ஆசனத்தில் நிரந்தரமாக அமரும் காலம் அப்பொழுது வரவில்லை. தகுதி தற்காலிகத்துக்குப் போதும், நிரந்தரத்துக்குப் போதாது என்ற விசித்திரமான கணக்கை அன்றைய ஆட்சி மூன்று முறை போட்டுக் காட்டியது.

இனி 1898-ம் வருஷத்து வழக்குக்கு வருவோம். அதன் சாரத்தை உணர, அப்பொழுது இருந்த சட்டத்தின் அமைப்பைச் சிறிது சொல்லவேண்டும். 1882-ம் வருஷத்துச் சிவில் நடைமுறைச் சட்டப்படி, டிக்ரியை நிறைவேற்றுவதில் வழக்கின் கட்சிக்காரர்களுக்குள்ளேயே எழும் தகராறுகளைத் தீர்க்கும் உத்தரவு ஒரு டிக்ரிக்குச் சமானம். அதன்மேல் அப்பீல் உண்டு; இரண்டாவது அப்பீலும் உண்டு. ஆனால் முன்னே சொன்ன மைத்துனனைப்போல், வழக்கில் சம்பந்தப்படாத ஒருவன் ஜப்தி செய்த சொத்துக்குப் பாத்தியம் கொண்டாடினால், அதன்மேல் செய்யப்படும் உத்தரவுக்கு அப்பீல் கிடையாது. அதிருப்தியுற்றவன் ஒரு வருஷத்துக்குள் புதிதாக வழக்குத் தொடுக்கவேண்டும். இவ்வாறு அப்பீல் இல்லாத உத்தரவுகள் பல இருந்தன. அவற்றில் பெரும் பிழை நேர்ந்தால் என்ன செய்வது? அதற்காகவே 622-வது பிரிவு இருந்தது. கீழ்க்கோர்ட் தனக்கில்லாத அதிகாரத்தைச் செலுத்தினாலும், உள்ள அதிகாரத்தைச் செலுத்த மறுத்தாலும், சட்டவிரோதமாகவோ பெரிய முறைகேட்டுடனோ நடந்துகொண்டாலும், ஹைகோர்ட் தஸ்தாவேஜுகளை வரவழைத்துப் பார்த்துத் திருத்தலாம். இதைத்தான் ரிவிஷன் என்று இன்றும் கோர்ட்டு வட்டாரத்தில் சொல்லுகிறோம்.

இந்த வாசலும் அகலமானதன்று. அயோத்தி ராஜ்யத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில் 1884-ம் வருஷத்தில் பிரிவிக் கவுன்ஸில் அதனை மேலும் குறுக்கிவிட்டது. விஷயத்தை விசாரிக்கும் அதிகாரம் கீழ்க்கோர்ட்டுக்கு இருந்து, அது விசாரித்து முடிவும் சொல்லிவிட்டால், அந்த முடிவு தவறாயிருப்பதனால் மட்டும் ரிவிஷனில் தலையிடக்கூடாது என்பது அத்தீர்ப்பின் கருத்து. அதாவது, தவறு செய்யும் அதிகாரமும் கோர்ட்டின் அதிகாரத்தில் அடங்கியதே! கேட்பதற்குக் கசப்பாயிருந்தாலும், யோசித்துப் பார்த்தால் இதில் நியாயம் உண்டு. தவறு ஒவ்வொன்றையும் திருத்தப் புகுந்தால் ரிவிஷன் என்பது அப்பீலாகிவிடும். அப்பீல் இல்லை என்று சட்டசபை எழுதிவைத்ததற்கு அர்த்தமே இல்லாமற் போகும்.

கீழ்க்கோர்ட்டின் உத்தரவை ஹைகோர்ட் எவ்வளவு தூரம் தொடலாம் என்பது ஒரு கேள்வி. ஹைகோர்ட்டில் ரிவிஷனைக் கேட்ட ஒற்றை நீதிபதியே பிழை செய்தால் என்ன என்பது இரண்டாவது கேள்வி. ஹைகோர்ட்டுக்கு அதிகாரங்களை அளித்த 1865-ம் வருஷத்து அரசப் பட்டயத்தின் 15-வது பிரிவு, ஒற்றை நீதிபதியின் தீர்ப்பின்மேல் அதே ஹைகோர்ட்டில் பல நீதிபதிகள் கூடிய பெஞ்சுக்கு அப்பீல் உண்டு என்று பொதுவாகக் கூறியிருந்தது. ரிவிஷனில் பிறந்த உத்தரவு அந்தப் பிரிவுக்குள் அடங்குமா என்பதே சாப்பன், மொய்தீன் குட்டி ஆகிய மலையாளக் கட்சிக்காரர்களின் பெயரால் வழங்கும் வழக்கில் புல் பெஞ்சின் முன் வந்த பிரச்னை.

அடங்காது என்று சொல்ல எளிதான காரணம் ஒன்று கையில் இருந்தது. அப்பீல் கட்சிக்காரனுடைய உரிமை. ரிவிஷனோ ஹைகோர்ட் தன் இஷ்டப்படி காட்டும் கருணை. கருணை காட்டினாலும் மறுத்தாலும் அதற்குமேல் கேள்வி ஏது? இந்தத் தர்க்கத்தை மணி ஐயர் ஏற்கவில்லை. பெயரில் என்ன இருக்கிறது என்று அவர் பார்த்தார். அப்பீல் அதிகாரம் என்பதற்கு இரண்டே அங்கங்கள்தாம் தேவை. ஒன்று, மேல்கோர்ட் கீழ்க்கோர்ட் என்ற சம்பந்தம். மற்றொன்று, கீழ்க்கோர்ட்டின் முடிவைப் பரிசீலித்து மாற்றும் சக்தி மேல்கோர்ட்டுக்கு இருத்தல். இவ்விரண்டும் ரிவிஷனிலும் இருக்கின்றன. ஆகவே ரிவிஷன் அதிகாரமும் அப்பீல் அதிகாரத்தின் ஒரு பகுதியே. மனுவுக்கு எந்தப் பெயர் எழுதினாலும் வேலை ஒன்றே. இதுவே அவர் தீர்ப்பின் உயிர். இதன் பலனாக, ரிவிஷனில் ஒற்றை நீதிபதி இட்ட உத்தரவும் 15-வது பிரிவின் அப்பீலுக்கு உட்பட்டதாயிற்று.

இதில் ஒரு பெரிய தத்துவம் அடங்கியிருப்பதை நம் வாசகர்கள் கவனிக்கவேண்டும். மேலே இருப்பவன் கீழே இருப்பவனைத் திருத்துவது தயையினாலன்று, அதிகாரத்தினால். அதிகாரம் எங்கே செலுத்தப்படுகிறதோ அங்கே கணக்குச் சொல்லும் பொறுப்பும் உண்டு. தயை என்று பெயர் சூட்டிவிட்டால் பொறுப்பு மறைந்துவிடும். அன்றைய அந்நிய ஆட்சியில் ஜனங்களுக்குக் கிடைத்த ஒவ்வொன்றும் தயை என்றே பெயர் பெற்றிருந்தது. சட்டசபையில் நியமனம் தயை, உத்தியோகம் தயை, பத்திரிகை நடத்த அனுமதி தயை. அந்த உலகத்தில் உட்கார்ந்துகொண்டு, வேண்டுதலின்பேரில் செலுத்தப்படும் அதிகாரமும் அதிகாரமே என்று ஒரு நீதிபதி எழுதியது சாமான்யமான காரியமன்று. அவர் அரசியலை மனத்தில் வைத்து இதனை எழுதினார் என்று நாம் சொல்லவில்லை. சட்டத்தின் சொற்களை மட்டுமே அவர் நிறுத்துப் பார்த்தார். ஆயினும் மனம் ஒன்றுதானே!

எனினும் டிக்ரிதாரன் பக்கத்தையும் பேசாமல் விடுவது நியாயமாகாது. புல் பெஞ்சின் முடிவு அவனுக்கு மேலும் ஒரு படியைக் கட்டிவைத்தது. முனிசீப் உத்தரவு, ரிவிஷன், அதன்மேல் பட்டய அப்பீல். அதற்குள் கடன்காரன் நிலத்தில் இரண்டு போகம் அறுத்துக்கொள்வான். பணமுள்ள கடன்காரனுக்கே இந்த ஏணி பயன்பட்டது என்றும், நூறு ரூபாய் டிக்ரி வைத்திருக்கும் ஏழைக் கைம்பெண்ணுக்கு இது ஒரு புதிய பள்ளம் என்றும் ஒருவர் வாதித்தால், அந்த வாதத்தைத் தள்ளிவிட நமக்கு மனம் வரவில்லை. அப்பீல் பெருகப் பெருக நீதி பெருகும் என்பது வக்கீல்களின் நம்பிக்கை. கட்சிக்காரர்களின் அனுபவம் அதுவன்று. ஆகவே எல்லை வேண்டும். ஆனால் அந்த எல்லையைச் சட்டசபை வெளிப்படையாக விதிக்கவேண்டுமேயொழிய, நீதிபதிகள் தங்கள் அதிகாரத்திற்குக் கருணை என்று பெயரிட்டுத் தாங்களே தங்களைச் சுற்றி வேலி போட்டுக்கொள்ளலாகாது. இந்த வேற்றுமை முக்கியமானது.

மணி ஐயர் 1907-ம் வருஷத்தில் ஆசனத்தை விட்டு இறங்கினார். 1904-ம் வருஷத்தில் சென்னைச் சர்வகலாசாலையின் உபாத்தியக்ஷர் பதவியும் அவரிடம் வந்திருந்தது. அந்தப் பதவியை வகித்த முதல் இந்தியர் அவரே. ஓய்வு பெற்றவர்கள் பெரும்பாலும் பென்ஷனும் சாய்வு நாற்காலியுமாகக் காலங் கழிப்பது வழக்கம். இவர் அப்படியிருக்கவில்லை. கோயில் சொத்துக்கள் சூறையாகாமல் காக்கத் தர்ம ரக்ஷண சபையை ஏற்படுத்தி உழைத்தார். தியாஸபிகல் சங்கத்தில் நெடுநாளாக ஈடுபட்டிருந்தமையால் ஸ்ரீமதி அன்னி பெஸண்டு அம்மையாருடன் நெருங்கிய பழக்கம் இருந்தது. 1914-ம் வருஷத்தில் காங்கிரஸ் சென்னையில் கூடியபோது வரவேற்புச் சபைக்குத் தலைமை வகித்தார். 1916-ம் வருஷத்தில் அம்மையார் ஹோம் ரூல் லீகை ஸ்தாபித்தபோது, எழுபத்துநாலு வயதை எட்டிய இம்முதியவர் அதன் கௌரவத் தலைமையை ஏற்றுக்கொண்டார். ஹைகோர்ட்டில் பிரதம நீதிபதியின் ஆசனத்தில் அமர்ந்தவர் ஒரு கிளர்ச்சி ஸ்தாபனத்துக்குத் தலைவராக வந்து நின்றதைக் கண்டு ஆங்கிலேய உத்தியோகஸ்தர்கள் திகைத்தார்கள்.

அதே வருஷத்தில் அம்மையாரின் நியூ இந்தியா பத்திரிகை கட்டியிருந்த 2,000 ரூபாய் ஈட்டுத்தொகையைச் சென்னைச் சர்க்கார் பறிமுதல் செய்தனர். ஹைகோர்ட்டில் முறையிட்டும் பயனில்லை. 1919-ம் வருஷத்தில் பிரிவிக் கவுன்ஸிலும் கைவிட்டது. 1910-ம் வருஷத்துப் பத்திரிகைச் சட்டம் கோர்ட்டுகளின் தலையீட்டுக்குப் பெரும்பாலும் கதவை அடைத்தே எழுதப்பட்டிருந்தது. 1917-ம் வருஷம் ஜூன் மாதத்தில் கவர்னர் பெண்ட்லண்டு பிரபுவின் உத்தரவினால் அம்மையாரும் அருண்டேல், வாடியா ஆகிய இருவரும் காவலில் வைக்கப்பட்டார்கள். குற்றச்சாட்டு இல்லை, விசாரணை இல்லை, அப்பீலும் இல்லை. கவர்னரின் உத்தரவை இந்திய சர்க்கார் மேற்பார்வை செய்யவேண்டும். இந்திய சர்க்காரை லண்டனிலுள்ள இந்தியா மந்திரி மேற்பார்வை செய்யவேண்டும். மூவரும் ஒரே குரலில் பேசினால் அப்புறம் எங்கே போவது?

அப்புறமும் ஓரிடம் இருக்கிறது என்று கண்டார் மணி ஐயர். ஜூன் 24-ந் தேதியிட்டு அமெரிக்க ஜனாதிபதி வில்ஸனுக்கு ஒரு கடிதம் எழுதினார். உலகத்தில் ஜனநாயகத்தைக் காக்கவே யுத்தத்தில் புகுந்ததாக அமெரிக்கா முரசடித்துக்கொண்டிருந்த சமயம் அது. அந்நிய உத்தியோகஸ்தர்கள் தங்களுக்குக் கொழுத்த சம்பளம் எடுத்துக்கொண்டு ஜனங்களுக்குக் கல்வியையும் உரிமையையும் மறுப்பதை அதில் எடுத்துக் காட்டினார். சுயாட்சி வாக்குறுதி உடனே கிடைத்தால் ஆறு மாதத்திற்குள் இந்தியா ஒரு கோடிப் போர்வீரர்களைத் தரமுடியும் என்றும் தெரிவித்தார். ஓர் அமெரிக்கத் தம்பதிகள் அதனைக் கையோடு கொண்டுபோய்ச் சேர்த்தார்கள். கவர்னரின் தணிக்கையைத் தாண்டி, ராஜப்பிரதிநிதியைத் தாண்டி, பார்லிமெண்டையும் தாண்டி, கடல்களுக்கு அப்பால் வேறொரு ராஜ்யத்தின் தலைவனிடம் நம்மவர் ஒருவர் அப்பீல் செய்துவிட்டார்!

அதன் விளைவு தாமதித்துத் தெரிந்தது. 1917-ம் வருஷக் கடைசியில் இந்தியா மந்திரி மாண்டேகுவும் ராஜப்பிரதிநிதி செம்ஸ்போர்டு பிரபுவும் சென்னைக்கு வந்தபோது, பேட்டிக்கு அழைக்கப்பட்ட மணி ஐயரை ராஜப்பிரதிநிதி அக்கடிதத்துக்காக நேரில் கடிந்துகொண்டார். 1918-ம் வருஷத்தில் கடிதம் லண்டன் பத்திரிகைகளில் வெளியாகிப் பார்லிமெண்டில் பேச்சுக்கு வந்தது. அங்கே மாண்டேகு அதனை வெட்கக்கேடானது என்ற பொருள்படக் கண்டித்தார். கண்டிக்கப்பட்டவருக்குப் பதில் சொல்ல அந்தச் சபையில் இடமேது? மணி ஐயர் தாம் செய்ததைக் காரணங்களுடன் விளக்கிப் பத்திரிகைகளில் வெளியிட்டார். தமக்களித்த ஸர் பட்டத்தையும் திவான்பகதூர் பட்டத்தையும் திருப்பி அனுப்பிவிட்டார். ஜாலியன்வாலாபாக் படுகொலைக்குப் பின் 1919-ம் வருஷத்தில் மகாகவி ரவீந்திரநாதர் பட்டத்தை வேண்டாமென்றது உலகறிந்தது. அதற்கு ஒரு வருஷம் முன்னரே சென்னையில் ஒரு முதிய நீதிபதி அதைச் செய்து காட்டினார் என்பதை நம்மவரே மறந்துபோயினர்.

1919-ம் வருஷத்தில் வேறொன்றும் நிகழ்ந்தது. அதைப்பற்றிப் பொதுக்கூட்டம் எதுவும் நடந்திராது. ஹைகோர்ட் பட்டயத்தின் 15-வது பிரிவு அவ்வருஷம் மார்ச்சு மாதத்தில் திருத்தப்பட்டது. ரிவிஷன் அதிகாரத்தைக் கொண்டு செய்த உத்தரவின்மேலும், மேற்பார்வை அதிகாரத்தைக் கொண்டு செய்த உத்தரவின்மேலும் அப்பீல் கிடையாது என்று அதில் எழுதிச் சேர்த்தார்கள். சாப்பன் வழக்கில் மணி ஐயர் திறந்த வாசல் இருபத்தொரு வருஷத்துக்குப்பின் இவ்வாறு மூடப்பட்டது. பட்டத்தைத் துறந்தவர்மேல் கொண்ட கோபத்தால் செய்தார்கள் என்று கற்பனை செய்யவேண்டாம்; அதற்கு ஆதாரம் எதுவுமில்லை. ஹைகோர்ட்டுகளில் வேலை குவிந்திருந்தது, அப்பீலைக் குறைக்கவேண்டியிருந்தது. திருத்தத்தின் நோக்கத்தில் நமக்கு ஆட்சேபம் குறைவு. ஆனால் அது செய்யப்பட்ட விதம் என்ன? பட்டயம் சக்கரவர்த்தியின் பெயரால் லண்டனில் பிறப்பது. இந்நாட்டுக் கட்சிக்காரனிடமிருந்து ஓர் அப்பீலைப் பறித்த அந்த ஏட்டில், இந்நாட்டுப் பிரதிநிதி ஒருவருடைய கைச்சாத்தும் இல்லை. 1928-ம் வருஷத்தில் மறுபடியும் திருத்தி, இரண்டாவது அப்பீலில் ஒற்றை நீதிபதி கூறும் தீர்ப்பின்மேல் அவரே அனுமதி தந்தாலன்றி அப்பீல் இல்லை என்றும் ஆக்கினார்கள்.

இரண்டாவது திருத்தத்தைக் காண மணி ஐயர் இருக்கவில்லை. 1924-ம் வருஷம் டிஸம்பர் மாதம் 5-ந் தேதி, எண்பத்திரண்டாம் வயதில் அவர் சென்னையில் காலமானார். சேப்பாக்கத்துச் செனெட் மாளிகையின் எதிரில் அவருக்குச் சிலை உண்டு. அவ்வழியே கடற்கரைக்குப் போகும் இளைஞர்களில் எத்தனை பேர் அது யார் என்று கேட்கிறார்களோ, அறியோம்.

ஆனால் அவர் எழுதியது சாகவில்லை. சுதந்தர இந்தியாவில் அதற்கு ஓர் எதிர்பாராத மறுபிறப்பு ஏற்பட்டது. புனா நகரத்து வீட்டுக்காரருக்கும் குடித்தனக்காரருக்கும் நடந்த வழக்கொன்றில், பம்பாய் ஹைகோர்ட்டின் ஒற்றை நீதிபதி ரிவிஷன் மனுவைத் தள்ளிவிட்டார். தோற்ற கட்சி சும்மாயிருக்கவில்லை. அரசியல் சட்டத்தின் 226, 227-வது ஷரத்துக்களைச் சொல்லி, கீழ்க்கோர்ட்டின் அதே உத்தரவை எதிர்த்து அதே ஹைகோர்ட்டில் மற்றொரு மனுப் போட்டு, இரண்டு நீதிபதிகள் கொண்ட பெஞ்சில் ஜயித்தும் விட்டது. விஷயம் சுப்ரீம் கோர்ட்டுக்கு ஏறியது. 1969-ம் வருஷத்தில் சுப்ரீம் கோர்ட் முடிவு கூறியபோது, எழுபது வருஷங்களுக்கு முன் மணி ஐயர் எழுதியதையே எடுத்துக்கொண்டது. ரிவிஷனும் அப்பீல் அதிகாரத்தின் பகுதியானால், ரிவிஷனில் ஹைகோர்ட் விசாரித்துச் சொன்ன முடிவில் கீழ்க்கோர்ட்டின் உத்தரவு கரைந்துவிடுகிறது. கரைந்துபோன உத்தரவை மறுபடி தனியே எடுத்து நிறுத்தி வேறு பெயரால் தாக்க முடியாது. அந்தப் பெஞ்சின் உத்தரவு ரத்தாயிற்று. 1898-ம் வருஷத்தில் கதவைத் திறக்க உதவிய திறவுகோலே 1969-ம் வருஷத்தில் கதவைப் பூட்ட உதவியது. இதை முரண்பாடு என்று சிலர் கருதலாம். நமக்கு அப்படித் தோன்றவில்லை. ரிவிஷன் கருணையன்று, முழு அதிகாரம் என்றார் மணி ஐயர். முழு அதிகாரமானால் அதற்கு முடிவுத்தன்மையும் உண்டன்றோ?

இதற்கிடையே மேற்பார்வை அதிகாரம் தேய்ந்தும் வளர்ந்தும் வந்திருக்கிறது. 1935-ம் வருஷத்து இந்திய அரசாங்கச் சட்டம், அப்பீலுக்கோ ரிவிஷனுக்கோ உட்படாத கீழ்க்கோர்ட் தீர்ப்பை மேற்பார்வையின் பெயரால் கேள்வி கேட்கலாகாது என்று அதனைக் குறுக்கியது. 1950-ம் வருஷத்து அரசியல் சட்டம் அந்தத் தளையை அறுத்து, 227-வது ஷரத்தில் அதனை மீண்டும் நிறுவியது. 1954-ம் வருஷத்திலேயே சுப்ரீம் கோர்ட், கீழ்க்கோர்ட்டைத் தன் எல்லைக்குள் நிறுத்துவதற்காக மட்டும் அதனை அருமையாகச் செலுத்தவேண்டும் என்று எச்சரித்தது. 1976-ம் வருஷத்தில், அவசர நிலையின்போது, அது மீண்டும் வெட்டப்பட்டது. 1978-ம் வருஷத்தில் மீண்டும் தளிர்த்தது. 2002-ம் வருஷம் ஜூலை மாதம் 1-ந் தேதி முதல் பார்லிமெண்டே ரிவிஷனை மிகவும் சுருக்கிவிட்டது. ஒற்றை நீதிபதி அப்பீலில் கூறும் தீர்ப்பின்மேல் ஹைகோர்ட்டுக்குள்ளேயே மறு அப்பீல் இல்லையென்றும் விதித்தது. இம்முறை கைச்சாத்து நம் பிரதிநிதிகளுடையது. ஆகவே 1919-ம் வருஷத்துக் குறை இதில் இல்லை. ரிவிஷன் சுருங்கவே, நிறைவேற்றத்தில் எழும் தகராறுகள் பெரும்பாலும் 227-வது ஷரத்தை நாடி ஓடுகின்றன. சிவில் கோர்ட்டின் உத்தரவை எதிர்க்க 226-வது ஷரத்தின் ரிட் மனு ஏலாது, 227 ஒன்றே வழி என்று 2015-ம் வருஷத்தில் சுப்ரீம் கோர்ட் அறுதியிட்டது. ரிட் மனுவானால் ஒற்றை நீதிபதிக்குமேல் பெஞ்சுக்கு அப்பீல் உண்டு. 227-க்கு அது கிடையாது. மனுவின் தலைப்பில் 226-ஐயும் சேர்த்து எழுதிவிட்டு அப்பீலுக்கு வழி தேடிய தந்திரத்திற்கும் அதோடு இடமில்லாமற் போயிற்று. தலைப்பில் எழுதிய பெயரைப் பாராமல், செலுத்திய அதிகாரம் எது என்று பார் என்பது மணி ஐயரின் பழைய பாடமே.

ஒன்று மட்டும் இன்னும் நம் மனத்தை உறுத்துகிறது. கடைசி வார்த்தை சொல்லுகிறவர் காரணத்தோடு சொல்லவேண்டும். மேற்பார்வையில் அப்பீல் இல்லை என்று சட்டம் ஆகிவிட்டபின், ஒற்றை நீதிபதி நாலு வரியில் மனுவைத் தள்ளிவிட்டால், தோற்றவனுக்குத் தான் ஏன் தோற்றோம் என்பதே விளங்காமற் போகிறது. மணி ஐயர் தாம் வகுத்த கொள்கைக்கு எவ்வளவு தூரம் நூல்களை ஆராய்ந்து காரணம் காட்டினார் என்பதை அவருடைய தீர்ப்பைப் படிப்போர் காணலாம். அப்பீல் உண்டு என்று தீர்ப்பளித்தவரே அவ்வளவு காரணம் சொன்னார் என்றால், அப்பீல் இல்லாத ஆசனத்தில் அமர்ந்தவர்கள் அதனினும் அதிகமாகச் சொல்லவேண்டாமா?

அவர் பிறந்து தொழில் நடத்திய மதுரையிலேயே 2004-ம் வருஷம் முதல் ஹைகோர்ட்டின் கிளை நடைபெற்றுவருகிறது. டிக்ரியை நிறைவேற்றுவதில் நேர்ந்த பிழைக்காக ராமநாதபுரத்துக் குடியானவன் 227-வது ஷரத்தின்கீழ் அங்கே மனுக் கொடுத்து, ஒற்றை நீதிபதியின் முன் தோற்றால், அந்தக் கட்டடத்திற்குள் அவனுக்கு வேறு பெஞ்சு இல்லை. தில்லிக்குப் போகலாம். அங்கே 136-வது ஷரத்தின்படி விசேஷ அனுமதி கேட்கலாம். அனுமதி அவனுடைய உரிமையன்று; கோர்ட்டின் இஷ்டம்.